பேராதனையில் ஒலித்த மத்தளம்

கிழக்கிலங்கையின் மட்டக்களப்பில் கூத்து என்றால் விடியும்வரை. ஆடுகளமான களரி வட்டமானது. கூத்தைப் பழக்கும் அண்ணாவியார் மத்தளத்தோடு நடுவில் நிற்பார், சல்லரியும் பக்கப்பாட்டும் அவரோடு சேர்ந்திருக்கும். கூத்தர்கள் அவர்களைச் சுற்றி ஆட, ஊர் களரியைச் சுற்றி உட்காரும். முன்வரிசை, பின்வரிசை என்ற பேச்சே கிடையாது. இந்த வட்டத்தை அவிழ்த்து, ஒரு பக்கம் மட்டும் திறந்த படச்சட்ட மேடைக்குள் வைத்தால் என்ன மிஞ்சும்? கண்டிக்கு அருகே பேராதனைப் பல்கலைக்கழகத்தில், 1960களில், பேராசிரியர் சு. வித்தியானந்தன் இதைச் செய்து பார்த்தார்.

அதே வளாகத்தில் சிங்கள நாடகாசிரியர் எதிரிவீர சரச்சந்திர இருந்தார். 1956இல் 'மனமே', 1961இல் 'சிங்கபாகு'. அவர் எடுத்தாண்ட 'நாடகம' என்ற சிங்கள மரபு ஆட்ட வடிவுக்கு வேர் நம்முடைய கூத்தில்தான். அதன் கொட்டும் மத்தளமே. இரவல் கொடுத்தவன் வீட்டுப் பாத்திரம் கரிபிடித்துக் கிடக்க, வாங்கியவன் துலக்கி விளக்கேற்றிவிட்டான் என்று சொல்லியிருந்தால் சரச்சந்திர கோபித்துக்கொண்டிருக்கமாட்டார்.

வித்தியானந்தன் துலக்கத் தொடங்கினார். 1962இல் 'கர்ணன் போர்', அடுத்து 'நொண்டி நாடகம்', 'இராவணேசன்', 1968இல் 'வாலி வதை'. வந்தாறுமூலை செல்லையா அண்ணாவியாரிடம் பல்கலைக்கழகப் பிள்ளைகள் தாளக்கட்டுப் படித்தார்கள். பட்டப்படிப்புக்கு வந்தவர்கள் காலில் சதங்கை கட்டிய காலம்!

இவற்றுள் 'இராவணேசன்' தனி. அமிர்தகழியில் 1943இல் பிறந்த சி. மௌனகுரு, மாணவராக இருந்தபடியே அதை எழுதி, இராவணனாகவும் ஆடினார். கூத்தின் வடமோடி வகை ஆட்டத்தின் வீறு அப்படியே இருந்தது. ஆனால் விடியவிடிய நீளும் பாட்டுகள் சில மணி நேரத்துக்குள் சுருங்கின. தம்பியையும் மகனையும் பறிகொடுத்தவனின் மனம் நடுவுக்கு வந்தது. களரியில் கொலுவரவு ஆடி ஊரை மிரட்டும் அரசன், இங்கே தன்னோடு தானே போராடினான். மத்தளம் நடுவைவிட்டு ஓரத்துக்குப் போனது. எனக்கு அதுதான் பெரிய மாற்றமாகப் படுகிறது. ஆட்டக்காரன் கொட்டைச் சுற்றி வருவதும், கொட்டு ஆட்டக்காரனுக்குத் துணைபோவதும் ஒன்றல்ல.

இழப்பு இல்லாமலில்லை. சுருக்கியதில் ஊரும் சேர்ந்து சுருங்கியது. கூத்தை இப்படி மேடைக்குச் சீர்செய்யும் 'செம்மையாக்கம்' என்ற பேச்சையே கேள்விக்குட்படுத்திய சி. ஜெயசங்கர், பின்னாளில் மட்டக்களப்புச் சீலாமுனையில் ஊரவரோடு சேர்ந்து கூத்து மீளுருவாக்கத்தில் இறங்கினார். வித்தியானந்தன், ஜெயசங்கர் இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறது. பேராதனை வெளிச்சம் படாதிருந்தால், படித்தவர்கள் கூத்தை நாட்டாரின் பொழுதுபோக்கு என்று ஒதுக்கியே வைத்திருப்பார்கள் என்பது என் எண்ணம்.

மௌனகுரு மட்டக்களப்பு மரபுவழி நாடகங்களை ஆய்ந்து கலாநிதியானார். கிழக்குப் பல்கலைக்கழகப் பேராசிரியராகி, இன்னொரு தலைமுறை மாணவர்களை வைத்து 'இராவணேச'னை மறுபடி மேடையேற்றினார். அந்தப் பல்கலைக்கழகம் இருப்பது, செல்லையா அண்ணாவியாரின் வந்தாறுமூலையில்.