ஒளிப்பதிவாளனின் இன்னொரு கருவி

விருத்தாசலம் செராமிக் தொழிற்பேட்டையில் பீங்கான் ஃபியூஸ் கட்டையும் செய்கிறார்கள், பொம்மையும் செய்கிறார்கள். முன்னதில் ஆர்டர் கொடுத்தவரின் அளவுதான் சட்டம்; பின்னதில் செய்பவரின் கைக்கும் கொஞ்சம் இடமுண்டு. அதே கடலூர் மாவட்டத்தில், பண்ருட்டிப் பக்கம் பத்திரக்கோட்டையில் பிறந்த தங்கர் பச்சானின் தொழில் வாழ்க்கையும் இப்படி இரண்டு வேலைகளால் ஆனது. ‘காதல் கோட்டை’ (1996), ‘பாரதி’ (2000), ‘பாண்டவர் பூமி’ (2001) எல்லாம் பிறர் கதைகள், பிறர் இயக்கம். ஒளி மட்டும் இவருடையது. 2002இல் வந்த ‘அழகி’யோ அவரே எழுதிய ‘கல்வெட்டு’ சிறுகதையிலிருந்து பிறந்தது. இயக்கமும் ஒளிப்பதிவும் அவரே. ஒளிப்பதிவாளனின் சுதந்திரத்தைக் கேமராவில் தேடுவது வீண், அது எழுத்தில் இருக்கிறது என்று நான் சொல்வதற்கு இவர்தான் முதல் சாட்சி.

இரண்டாவது சாட்சி சட்டம். 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் திரைப்படத்தின் ஆசிரியர் என்று தயாரிப்பாளரைத்தான் சொல்கிறது. பாட்டும் இசையும் எழுத்தும் தந்தவர்களுக்கு, திரையரங்குக்கு வெளியே கிடைக்கும் வருமானத்தில் பங்குண்டு என்றது 2012ஆம் ஆண்டின் திருத்தம். ஒளிப்பதிவாளருக்கு அதிலும் இடமில்லை. விடியற்காலை வெளிச்சத்துக்காக அவர் எத்தனை நாள் காத்திருந்தாலும், பேசிய சம்பளத்தோடு கணக்கு முடிந்தது. கதையை எழுதியவராகவும் இருந்தால் மட்டுமே அவர் சொல் செல்லும்.

‘அழகி’யில் பார்த்திபன், தேவயானி, இளையராஜா என்று தெரிந்த பெயர்கள்தானே, இதில் சுயாதீனம் எங்கே என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. பணம் யாருடையது என்பதை மட்டும் வைத்து அளந்தால் தமிழில் சுயாதீன சினிமா விரல்விட்டு எண்ணும் அளவில்தான் தேறும். நான் பார்ப்பது, எதைக் காட்டுவது என்று யார் முடிவு செய்தார்கள் என்பதை. முந்திரியும் பலாவும் விளையும் செம்மண்ணில் ஒரு மாதவப் படையாட்சி சொத்திழந்து நிற்பதைப் படமாக்கச் சொல்லி எந்த வணிகக் கணக்கும் கேட்டிருக்காது. அந்தப் படையாட்சியின் கதையான ‘ஒன்பது ரூபாய் நோட்டு’ முதலில் தங்கர் பச்சானின் நாவல், 2007இல்தான் படமானது. நட்சத்திரம் என்று சத்யராஜ் இருந்தும் படம் அந்தக் கிழவரின் பிடிவாதத்தை விட்டு நகரவில்லை. (மிகை உணர்ச்சி உண்டுதான். அது வேறு வழக்கு.)

டிஜிட்டல் கேமரா மலிந்துவிட்ட பிறகு இந்த வாதம் எதற்கு என்பது இன்னொரு மறுப்பு. கருவி மலிந்தது உண்மை, ஒளிப்பதிவாளனின் வாடகையும் அரிசியும் மலியவில்லையே. ‘பரதேசி’க்கு ஒளிப்பதிவு செய்த செழியன், தானே எழுதி, குடும்பத் தயாரிப்பாகவே எடுத்த ‘டு லெட்’ 2017ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. வாடகை வீடு தேடி அலையும் ஒரு குடும்பத்தின் கதை அது. விருது கையில் இருந்தும் படம் திரையரங்குக்கு வர 2019 ஆனது. இடைப்பட்ட காலத்துக்குச் சோறு போடுவது மற்றவர் படங்களில் வாங்கும் சம்பளம்தான். அதைச் சமரசம் என்று திட்டுபவர்கள், அந்தச் சம்பளம் இல்லாமல் ‘டு லெட்’ போன்ற படங்கள் எப்படி வரும் என்பதையும் சொல்லட்டும்.

(தொடரும்)