பேனலில் இருக்கும் வெள்ளி யாருக்கு?

மொட்டை மாடி சோலார் பேனலைக் கிட்டத்தில் போய்ப் பார்த்தால், கருநீலச் சில்லுகளின் மேல் முடி போன்ற மெல்லிய கோடுகள் நெருக்கமாக ஓடுவது தெரியும். வெள்ளித் தூளைக் குழைத்து, அச்சடித்து, சூளையில் சுட்ட கோடுகள் அவை. வெயில் பட்டு சிலிக்கானில் பிறக்கும் மின்சாரத்தை இவைதான் திரட்டி வெளியே அனுப்புகின்றன. வெள்ளியைவிட நன்றாக மின்சாரம் கடத்தும் உலோகம் வேறில்லை. 2024-ல் உலக சோலார் துறைக்குத் தேவைப்பட்ட வெள்ளி சுமார் 6,000 டன். விலை ஏற ஏற, செம்புக்கு மாறும் முயற்சிகளும் வேகம் பிடித்திருக்கின்றன.

வீட்டுக்காரருக்கு இந்தக் கோடுகள் வேறு விதத்தில் உதவும்: உள்ளே விழுந்த விரிசலைக் காட்டிக்கொடுக்கும். மாட்ட வந்தவர்களோ கழுவ வந்தவர்களோ பேனல் மேல் ஏறி நின்றால், கண்ணாடி தாங்கிவிடும். ஆனால் உள்ளே கால் மில்லிமீட்டர் கனம்கூட இல்லாத சில்லு விரிசல் விடும். அந்த இடுக்கில் ஈரம் புகுந்து வெள்ளியோடு வினைபுரிய, சில மாதங்களில் பழுப்பாக ஒரு வளைந்த தடம் தெரியும். தொழிலில் இதை ‘நத்தைத் தடம்’ என்பார்கள். தடத்தால் பெரிய இழப்பில்லை. விரிசல் பெருகி வெள்ளிக் கோடுகள் அறுந்தால்தான் உற்பத்தி சரியும், சில இடங்கள் கொதிக்கும்.

“25 வருஷ வாரண்டி சார்” என்று விற்பவர் சொல்வது பெரும்பாலும் மின் உற்பத்தி அளவுக்கான உறுதி மட்டுமே. பேனலின் பழுதுக்கான வாரண்டி தனி, அதன் காலமும் குறைவு. இரண்டையும் எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். ஒவ்வொரு பேனலின் வரிசை எண்ணும் பில்லில் ஏறட்டும். தடம் தெரிந்தால் தேதியோடு படம் எடுத்து, இன்வெர்ட்டர் காட்டும் உற்பத்திக் கணக்கையும் சேர்த்து மின்னஞ்சலில் புகார் அனுப்பலாம். போனில் பேசியது சாட்சிக்கு நிற்காது. பிரதமரின் சூரிய வீடு திட்டத்தில் மாட்டியிருந்தால், ஐந்தாண்டுப் பராமரிப்பு நிறுவியவரின் பொறுப்பு. நிறுவனம் மசியாவிட்டால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண் இருக்கிறது. குடியிருக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் ஆணையத்திலேயே, பிரச்சினை எழுந்த இரண்டு ஆண்டுக்குள் வழக்குப் போடலாம். கொடுத்த விலை 5 லட்சம் ரூபாய்க்குள் என்றால் கட்டணமில்லை.

உடைந்த பேனலுக்குக் காயலான் கடையில் இப்போது மவுசு. இத்தனைக்கும் அதில் இருப்பது சில கிராம் வெள்ளிதான். பழைய வகைகளில் 20 கிராம் வரை இருக்கலாம். அதை எடுக்க பிளாஸ்டிக்கை எரித்து, நைட்ரிக் அமிலத்தில் ஊறவைப்பவர்கள் உண்டு. எழும் பழுப்புப் புகை நுரையீரலை அரிக்கும். பற்றவைப்பில் உள்ள ஈயம் கழிவுநீரோடு மண்ணில் இறங்கும். வெள்ளி ஒருவர் கைக்கு, ஈயம் ஊருக்கு.

2023 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த மின்னணுக் கழிவு விதிகள் சோலார் பேனல்களையும் சேர்த்துக்கொண்டன. தயாரிப்பாளர்கள் பதிவு செய்ய வேண்டும்; 2034-35 வரை சேரும் கழிவுப் பேனல்களை வழிகாட்டுதலின்படி சேமித்து வைக்கவும் வேண்டும். ஆகவே உடைந்த பேனலை, அதை விற்ற நிறுவனத்திடமோ பதிவுபெற்ற மறுசுழற்சியாளரிடமோ ஒப்படைத்து ரசீது வாங்குவதே முறை. அதுவரை தார்ப்பாய் போட்டு மூடி வைக்க வேண்டும். உடைந்த பேனலும் வெயிலில் மின்சாரம் தரும். வெறுங்கையால் தொட்டால் ஷாக் அடிக்கலாம்.