அம்பலம் ஏறிய சொல்

ஏழை சொல் அம்பலம் ஏறாது என்பது நம் முதுமொழி. ஏறாமற் போவது உலக வழக்கம். ஏறவே கூடாது என்று சட்டமாகவே எழுதி வைத்த நாடுகளும் இருந்தன. அத்தகைய சட்டத்தால் வாயடைக்கப்பட்ட ஒருவர், பிற்காலத்தில் நீதவானாக அமர்ந்து பிறர் சாட்சியத்தை நிறுத்துப் பார்த்தார். அமெரிக்கரான மிஃப்லின் விஸ்டர் கிப்ஸ் என்பவரே அவர். ‘நிழலும் ஒளியும்’ எனப் பொருள்படும் தலைப்பில் 1902 இல் அவர் வெளியிட்ட சுயசரிதையைப் படித்த நாள் முதல், அவர் கதையை நம் மாணவர்க்குச் சொல்ல வேண்டும் என்ற எண்ணம் என்னை விட்டகலவில்லை.

கிப்ஸ் 1823 இல் பிலடெல்பியா நகரில், அடிமைத்தளை இல்லாத கறுப்பினக் குடும்பமொன்றிற் பிறந்தார். மெதடிஸ்த போதகரான தந்தையாரைச் சிறு வயதிலேயே இழந்தார். தச்சுத்தொழில் பயின்றார், தப்பியோடி வந்த அடிமைகளுக்கு மறைவில் உதவினார். 1850 இல் பொன் தேடிப் பலரும் விரைந்த கலிபோர்னியாவுக்கு அவரும் சென்றார். சான் பிரான்சிஸ்கோவில் தச்சுவேலை கிடைத்தது. ஆனால் வெள்ளைத் தொழிலாளர் அவரோடு சேர்ந்து வேலை செய்ய மறுத்தனர். சப்பாத்துத் துடைத்துப் பிழைத்தார். பின்னர் பீற்றர் லெஸ்டர் என்பவருடன் கூட்டாகச் சப்பாத்துக் கடை வைத்தார். கடை செழித்தது.

அக்கடையில் ஒருநாள், ஒரு சோடி சப்பாத்தைச் சாட்டாக வைத்து வெள்ளையர் இருவர் வலிந்து சண்டைக்கு வந்தனர். லெஸ்டரைக் கைத்தடியால் அடித்தனர். அருகில் நின்ற கிப்ஸ் பார்த்துக்கொண்டிருந்தார். எதிர்த்துக் கையோங்கினால் உயிர் போகும். வழக்குத் தொடுப்பதாயினும், வெள்ளையருக்கு எதிராகக் கறுப்பினத்தவர் சாட்சி சொல்லலாகாது என்பது கலிபோர்னியாச் சட்டம். கண்ணாரக் கண்டவர் அங்கேயே நிற்கின்றார். சட்டத்தின் முன்னிலையில் சாட்சியே இல்லை! அந்தப் பக்கத்தைப் படித்தபின் உடனே அடுத்த பக்கத்தைப் புரட்ட என்னால் இயலவில்லை.

அவர்கள் வாளாவிருக்கவில்லை. கறுப்பினத்தவர் மாநாடு கூடி விண்ணப்பங்கள் எழுதினர்; சொந்தப் பத்திரிகை நடத்தினர். வாக்குரிமை தராத அரசு தலைவரி கேட்டபோது கிப்ஸும் லெஸ்டரும் செலுத்த மறுத்தனர். அதிகாரிகள் கடைப் பொருளைப் பறித்து ஏலத்தில் விட்டனர். விலை கேட்க வேண்டாமென்று வெள்ளைய நண்பரொருவர் கூட்டத்தாரிடம் சொல்லித் திரிந்தார். கேட்பாரின்றிப் பொருள்கள் கடைக்கே திரும்பின. ஆயினும் சாட்சிச் சட்டத்தின் தடை கறுப்பினத்தவர்க்கு நீங்கியது 1863 இல்தான்.

அதற்கு முன்பே, 1858 இல், கிப்ஸ் பிரித்தானிய ஆட்சியிலிருந்த விக்டோரியா நகருக்குக் குடிபெயர்ந்தார். அங்கே 1866 இல் நகரசபை உறுப்பினராகத் தெரிவானார். சட்டமும் படிக்கத் தொடங்கினார். உள்நாட்டுப் போர் முடிந்து அடிமைமுறை ஒழிந்தபின் தாயகம் மீண்டு, ஒஹாயோ மாநிலத்து ஓபர்லினிற் சட்டப்படிப்பை நிறைவு செய்தார். அப்பொழுது அவர் ஐம்பதை நெருங்கியிருந்தார். பிறகு ஆர்க்கன்சோ மாநிலத்தின் தலைநகரான லிட்டில் றொக்கில் வழக்கறிஞரானார். 1873 இல் அந்நகர மக்கள் அவரை வாக்களித்து நீதவானாக்கினர். அமெரிக்காவில் இவ்வாறு நகர நீதவானாகத் தெரிவான முதற் கறுப்பினத்தவர் அவரே என்பர். அவர் முன் வந்தவை பெரும்பாலும் சிறு வழக்குகளே. ஆனால் அந்த மன்றத்தில் நிறம் கேட்டுச் சாட்சியை விலக்குவார் இல்லை என்பதன் பெறுமதியை அவரளவு அறிந்தவர் யார்?

அரசியற் காற்று மாறவே அப்பதவி நீடிக்கவில்லை. பின்னர் மத்திய அரசின் காணி அலுவலகத்திற் பணியாற்றினார். 1897 இல், எழுபத்துநான்கு வயதில், இந்து சமுத்திரத்துத் தீவாகிய மடகஸ்காரின் டமட்டாவே துறைமுகத்துக்கு அமெரிக்கக் கொன்சலாக நியமிக்கப்பட்டு, 1901 வரை அங்கிருந்தார். அவருக்குப்பின் அப்பதவியை ஏற்ற வில்லியம் ஹன்ட், பின்னாளில் அவர் மகள் ஐடாவை மணந்தார்.

இதை வெற்றிக் கதையாக மட்டும் சொல்லி முடிப்பது நேர்மையாகாது. முதுமையில் அவர் தலைமை தாங்கிய வங்கி 1908 இல் முறிந்தது. அதனினும் பெரிய முறிவு வேறு. அவரை நீதவானாக்கிய அதே ஆர்க்கன்சோ 1891 இல் புகைவண்டியில் இனத்துக்கொரு பெட்டி என்று சட்டமியற்றியது. அதைத் தொடர்ந்து, தலைவரி கட்டினாற்றான் வாக்கு என்றும் விதித்தது. அன்று வாக்கில்லாமல் வரி கேட்டனர். பின்பு வரியைக் காட்டி வாக்கைப் பறித்தனர். இவ்விரண்டையும் கண்டபின்னரே 1915 இல் கிப்ஸ் கண்மூடினார். தம் நூலின் தலைப்பில் நிழலை முதலில் அவர் வைத்ததை எண்ணிப் பார்க்கிறேன். பெற்ற உரிமையும் காக்காவிடிற் கைநழுவும் என்பதை, அம்பலம் ஏறிய அந்தச் சொல் இன்றும் நமக்குச் சொல்கின்றது.