கொதிநீரில் ஒட்டிய சிறகு

வில் என்றவுடன் நமக்கு அர்ச்சுனன் ஞாபகம் வருவான். கட்டை விரலைக் கொடுத்த ஏகலைவன் ஞாபகம் வருவான். தோட்டத்து லயத்தில் பிறந்த பெண் பிள்ளை ஒருத்தி வில்லெடுத்து நிற்பாள் என்று நம்மில் யார் நினைத்தோம்? ஆனால் நிற்கிறாள். என் தம்பியின் மகள்தான். இடைநிலைப்பள்ளியில் படிக்கிறாள். வில் பள்ளிக்கூடத்தினுடையது. அம்புகள் மட்டும் சொந்தம். செம்பனைக் குலை வெட்டிச் சேர்த்த காசில் ஒரு டஜன் கார்பன் அம்புகளைத் தம்பி அவளுக்கு வாங்கிக் கொடுத்திருந்தான்.

சென்ற பள்ளி விடுமுறையில் பேராக்கில் உள்ள அந்தத் தோட்டத்திற்குப் போயிருந்தேன். வாசற்படியில் அம்புகளைப் பரப்பி வைத்துக்கொண்டு முகம் வாடி உட்கார்ந்திருந்தாள் பிள்ளை. நான்கு அம்புகளில் சிறகு பிய்ந்து தொங்கியது. போட்டிக்கு இன்னும் பத்து நாள்தான்.

“கடையில் கொடுத்தால் ஒட்டித் தரமாட்டார்களா?” என்றேன்.

“ஈப்போவுக்குப் போகணும் அத்தை. அப்பா ஒருநாள் வேலையை விடணும். கொடுத்துவிட்டு வந்து, திரும்பப் போய் வாங்கணும், இன்னொரு நாள்.”

“பிய்ந்த நாலுக்கு மட்டும் ஏதாவது ஒரு சிறகை ஒட்டிவிட்டால்?”

அவள் என்னைப் பாவமாகப் பார்த்தாள். ஒரு சுற்றில் எய்யும் அம்புகள் எல்லாம் ஒன்றுபோல் இருக்க வேண்டும். சிறகின் நிறம்கூட மாறக்கூடாது என்பது அனைத்துலக விதியாம். தண்டில் எய்பவரின் பெயரோ பெயரின் முதலெழுத்தோ இருக்க வேண்டும் என்பதும் விதி. அத்தைக்கு இதெல்லாம் எங்கே தெரியும்?

அம்புக்குச் சிறகு எதற்கு? அழகுக்கென்றுதான் நானும் நினைத்திருந்தேன். நாண் தள்ளும்போது அம்பு நேர்க்கோலாகப் புறப்படுவதில்லை. நீரில் மீன் நெளிவதுபோல் வளைந்து நெளிந்து கிளம்புகிறது. முனை கனமாக இருப்பதால் முன்னால் போகிறது. வால் பக்கம் ஒதுங்கினால், அங்குள்ள சிறகில் காற்று மோதி அதை மறுபடியும் நேருக்குத் தள்ளுகிறது. பட்டத்திற்கு வால் கட்டுகிறோமே, ஏறக்குறைய அதே வேலை. சிறகைச் சற்றுச் சாய்த்து ஒட்டினால் அம்பு சுழன்றுகொண்டே போகும்; இன்னும் நிலையாகப் போகும். நம் காடுகளில் பூர்வகுடி மக்கள் ஊதுகுழலில் வைத்து ஊதும் சிறு அம்புக்கு இறகே கிடையாது. அதன் பின்புறத்தில் தக்கை போன்ற சோற்றுக் கட்டையைக் கூம்பாகச் சீவி வைக்கிறார்கள். குழலை அடைத்து மூச்சை வாங்கிக்கொள்வதும் அதுதான், பறக்கும்போது வாலைப் பிடித்துக்கொள்வதும் அதுதான். ஒரே கூம்பில் இரண்டு காரியம்!

பழங்காலத்தில் சிறகு என்றால் பறவையின் இறகுதான். இங்கிலாந்தில் 1417-ஆம் ஆண்டு, ஐந்தாம் ஹென்றி மன்னன் படையெடுப்புக்காக ஒவ்வொரு வாத்திலிருந்தும் ஆறு இறகு எடுக்கச் சொல்லி உத்தரவு போட்டான். அம்புக்கு இறகு கட்டுவதே ஒரு தனித் தொழில். இன்று ‘ஃபிளெட்சர்’ என்று பெயர் வைத்திருக்கும் வெள்ளைக்காரர்களின் முப்பாட்டன்மார் செய்த தொழில் அது. 1545-இல் கடலில் மூழ்கிய ‘மேரி ரோஸ்’ என்ற போர்க்கப்பலை 1982-இல் மேலே தூக்கினார்கள். அதில் ஆயிரக்கணக்கான அம்புகள் கிடைத்தன. இறகுகள் மக்கிப் போய்விட்டன; ஆனால் நூல் சுற்றிய தடமும், செம்பு கலந்த பசையும் தண்டில் அப்படியே இருந்தன.

இறகில் ஒரு நல்ல குணம் உண்டு. வில்லில் உரசினால் மடிந்து கொடுக்கும். ஆனால் ஓர் அம்புக்கு வைக்கும் மூன்று இறகும் பறவையின் ஒரே பக்கச் சிறகிலிருந்து வந்திருக்க வேண்டும். இடமும் வலமும் கலந்தால் வளைவு ஒன்றையொன்று எதிர்க்கும். அதைவிட, நனைந்தால் இறகு படிந்துவிடும். நான்கு மணிக்கு வானம் பொத்துக்கொண்டு ஊற்றும் நம் ஊரில் அது பெரிய தொல்லை. எனவேதான் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் பிளாஸ்டிக் சிறகு வந்ததும் பலர் அதற்கு மாறினார்கள். பிளாஸ்டிக் தண்ணீர் குடிக்காது.

ஆனால் அதை ஒட்டுவதற்கு ஒரு கருவி வேண்டும். அம்பை அதில் பூட்டி, ஒரு சிறகைக் கிடுக்கியில் பிடித்து, பசை தடவி அழுத்தி, காயும்வரை காத்திருந்து, அம்பைச் சரியாக மூன்றில் ஒரு சுற்றுத் திருப்பி அடுத்த சிறகு. பன்னிரண்டு அம்புக்கு முப்பத்தாறு முறை. கண்ணளவில் ஒட்டினால் அம்பு கோணிக்கொண்டு போகும். கருவிக்குத் தனிக் காசு.

இந்த இடத்தில்தான் சுருங்கும் உறை கைகொடுக்கிறது. மெல்லிய பிளாஸ்டிக் குழாய். அதன்மேல் மூன்று சிறகுகள் சரியான இடைவெளியில் முன்னமே பதிந்திருக்கின்றன. அம்பின் வாலில் மாட்டிக் கொதிநீரில் முக்கினால், குழாய் சுருங்கித் தண்டை இறுகப் பிடித்துக்கொள்கிறது. பசையும் வேண்டாம், கருவியும் வேண்டாம். பயிற்சியாளர் சொல்லி, ஆறு உறைகள் கொண்ட பொட்டலம் இரண்டைத் தபாலில் வரவழைத்தோம்.

“சுடுதண்ணியில் பிளாஸ்டிக் இளகத்தானே செய்யும், இது எப்படிச் சுருங்கும்?” என்று கேட்டார் என் அம்மா. முப்பது வருஷம் பால் வெட்டிய கை அவருடையது. அவருக்குச் சொன்ன பதிலையே உங்களுக்கும் சொல்கிறேன். கித்தாப் பால் அப்படியே உறைந்தால் வெயிலில் பிசுபிசுக்கும். 1839-இல் குட்இயர் என்ற அமெரிக்கர் அதில் கந்தகம் சேர்த்துச் சூடாக்கினார். உள்ளே இருக்கும் நீண்ட நீண்ட இழைகள் ஒன்றோடொன்று முடிச்சுப் போட்டுக்கொண்டன. அதனால்தான் ரப்பர் வளையத்தை இழுத்துவிட்டால் பழைய உருவத்துக்கே ஓடி வருகிறது. சுருங்கும் குழாயிலும் அதே முடிச்சு வித்தைதான். பிளாஸ்டிக் மீது மின்னணுக்கதிர் பாய்ச்சி இழைகளை முடிச்சுப் போடுவது ஒரு முறை. 1957-இல் அமெரிக்காவில் தொடங்கிய ‘ரேகெம்’ என்ற நிறுவனம் இந்த வழியில் பெயர் பெற்றது. முடிச்சுப் போட்ட குழாயைச் சூட்டில் விரித்து, விரித்தபடியே குளிர வைக்கிறார்கள். குளிரில் உறைந்து, விரிந்த நிலையிலேயே அது சிறைப்பட்டுக் கிடக்கிறது. நாம் கொதிநீரில் முக்கும்போது சிறை திறக்கிறது. பழைய அளவுக்கே திரும்பப் பார்க்கிறது. நடுவில் அம்பு இருப்பதால் அதை இறுக்கிக்கொள்கிறது.

“அட, கித்தா புத்திதான்!” என்றார் அம்மா.

இனி நாங்கள் செய்த விதம். பழைய சிறகையும் பசையையும் மழுங்கிய கத்தியால் தண்டின் நீளவாக்கில் வழித்தோம். கூரான கத்தி கூடாது; கார்பன் இழை வெட்டுப்பட்டால் அம்பு போயிற்று. பிறகு ஸ்பிரிட்டால் துடைத்து உலர்த்தினோம்.

அப்போதுதான் பிள்ளை ஒவ்வொரு அம்பையும் இரு கையாலும் லேசாக வளைத்துக் காதருகே வைத்துக் கேட்டாள். பதினொன்று பேசவில்லை. ஒன்று மட்டும் ‘சடக்’ என்றது. வெளிச்சத்தில் பார்த்தால் மயிரிழை போல ஒரு கீறல். தம்பிக்கு மனம் வரவில்லை. “நல்லாத்தானே இருக்கு, பழகுறதுக்கு வச்சுக்கட்டுமே” என்றான். அவன் சொன்னதில் தப்பில்லை. அவன் காசு அது. ஆனால் கீறல் விட்ட கார்பன் அம்பு நாண் தள்ளும் வேகத்தில் சிதறி, வில்லைப் பிடித்திருக்கும் கையில் ஈட்டிபோல் ஏறிவிடும். பயிற்சியாளர் படம் காட்டி எச்சரித்திருக்கிறார் என்றாள் மகள். தம்பி சிறிது நேரம் ஒன்றும் பேசவில்லை. குலை வெட்டும் கம்பில் கீறல் கண்டால் அதைத் தலைக்கு மேல் தூக்காதவன் அவன். பழைய சாக்கில் அந்த அம்பைச் சுற்றி, மிதித்து இரண்டாக்கிக் குப்பையில் போட்டான். யாரும் எடுத்துப் பழகிவிடக்கூடாதல்லவா?

முதல் அம்பைத் தேநீர்க் கெண்டியில் முக்கிக் கெடுத்தது நான்தான். கெண்டி ஆழம் போதவில்லை. உறையின் பாதி வெளியே நின்றது. சிறகு அடியில் முட்டி மடிந்தது. பிறகு அம்மாவின் உயரமான எவர்சில்வர் கூஜா அடுப்பேறியது. நாணைக் கவ்வும் பிளவிலிருந்து ஓர் அங்குலம் தள்ளி உறை நிற்கும்படி பென்சிலால் குறி வைத்தோம். வேறு நிறத்தில் இருக்கும் ஒற்றைச் சிறகு, வில்லுக்கு எதிர்ப்புறம் நோக்கும்படி திருப்பிக்கொண்டோம். தண்ணீர் தளதளவென்று கொதிக்கும்போது அம்பின் வாலை நேராக இறக்கி, பத்து எண்ணி, நேராக எடுத்தோம். சூடு ஆறும்வரை சிறகில் கை படக்கூடாது. பூந்தொட்டி மண்ணில் முனையைக் குத்தி வரிசையாக நிறுத்தினாள். நான் கெடுத்த அம்பையும் திரும்ப முக்கினாள். மடிந்த சிறகு நிமிர்ந்துகொண்டது. தாய்மார்களுக்கு ஒரு வார்த்தை: கொதிநீர் வேலை பெரியவர் கையில் இருக்கட்டும்.

அடுப்பு நெருப்பில் காட்டினால் என்ன என்று கேட்பீர்கள். கூடாது. திறந்த கூஜாவில் தண்ணீர் எவ்வளவு கொதித்தாலும் 100 பாகையைத் தாண்டாது. நெருப்புக்கு அந்த எல்லை இல்லை, கார்பனைப் பிடித்து வைத்திருக்கும் பிசின் கருகிவிடும். முனைப் பக்கத்தையும் தண்ணீரில் விடாதீர்கள். இரும்பு முனையைப் பெரும்பாலும் சூட்டில் இளகும் பசையால்தான் ஒட்டியிருப்பார்கள். மின்கம்பி வேலைக்காரர் வைத்திருக்கும் சுருங்கு குழாயால் சிறகை இறுக்கலாமே என்றான் பக்கத்து வீட்டுப் பையன். அவற்றில் பல கொதிநீர்ச் சூட்டுக்கு முழுதும் மசிவதில்லை.

குறைகளையும் மறைக்கக்கூடாது. உறை ஓரளவுக்குத்தான் சுருங்கும். மிக ஒல்லியான தண்டில் தளர்ந்து கழன்றுவிடும். வாங்குமுன் தண்டின் தடிமனைச் சொல்லிக் கேளுங்கள். மர அம்புக்கு இது வேண்டாம், இறகே நல்லது. உறையின் எடை வாலில் கூடுவதால் அம்பின் நடுநிலை சற்றுப் பின்னால் நகர்கிறது. ஆகவே எல்லா அம்புக்கும் ஒரே உறை போட வேண்டும். போட்டபின் குறிக்கருவியைப் புதிதாகச் சரிசெய்ய வேண்டும். எங்கள் பிள்ளைக்கு அதற்கே மூன்று மாலை பிடித்தது. முதல் மாலையில் ஓர் அம்பும் மஞ்சள் வட்டத்தின் பக்கம் போகவில்லை. “பழசே இருந்திருக்கலாம்” என்று அழுதேவிட்டாள்.

போட்டியன்று பிற்பகலில் மழை பிடித்துக்கொண்டது. இரவு எட்டு மணிக்குத் தொலைபேசியில் கூப்பிட்டாள். “ஆறாவது வந்தேன் அத்தை. மழையிலும் ஒரு சிறகும் கழறல.”

பன்னிரண்டில் மீந்த ஓர் உறை அம்மாவின் சாமி அலமாரியில் விபூதித் தட்டுக்குப் பக்கத்தில் இருக்கிறது. பன்னிரண்டாவது அம்பை அடுத்த சம்பளத்தில் வாங்கித் தருவதாகத் தம்பி சொல்லியிருக்கிறான்.