முன்சக்கரத்தில் 'டொக்கு டொக்கு': போல் ஜாயிண்ட் தேய்மானத்தை அறிவது எப்படி?

இந்தப் பகுதியில் வழக்கமாகப் பயிற்சித் தாள், படவில்லை, மொழி விளையாட்டு என்றுதான் வரும். இம்முறை கொஞ்சம் பள்ளிக்கு வெளியே, கார் நிறுத்துமிடம் வரைக்கும் போய்வருவோம்.

தோட்டப்புறத் தமிழ்ப்பள்ளிகளில் பணியாற்றுகிறவர்கள் தினமும் செம்பனைக் காட்டுச் செம்மண் சாலையில், லாரி தோண்டிவிட்டுப் போன குழிகளில் இறங்கி ஏறித்தான் பள்ளிக்குப் போகிறோம். பட்டணத்தில் இருப்பவர்களுக்குக் குழி குறைவு. ஆனால் தாமான் முழுக்க 'பம்ப்'. இந்த அடியை எல்லாம் வாங்கிக்கொள்கிற பாகங்களில் ஒன்று, முன்சக்கரத்துக்குப் பின்னால் மறைந்திருக்கும் ஒரு சின்ன மூட்டு. பட்டறையில் அதைப் போல் ஜாயிண்ட் என்பார்கள். தமிழ்நாட்டு வலையொளிகளில் 'பால் ஜாயிண்ட்' என்று கேட்டால் குழம்ப வேண்டாம், இரண்டும் ஒன்றுதான். தமிழில் பந்து மூட்டு என்று எழுதலாம்.

இதைப் பற்றி ஏன் தெரிந்துகொள்ள வேண்டும்? தேய்ந்துபோனது தெரியாமல் ஓட்டினால் ஒருநாள் சக்கரம் மடங்கிக்கொள்ளும். நல்லா இருக்கிற மூட்டை 'போயிடுச்சு' என்று யாரோ சொன்னதை நம்பினால் வெள்ளி போகும். இரண்டுமே நமக்கு வேண்டாம்.

அது என்ன மூட்டு?

உங்கள் தோள்பட்டையை நினைத்துக்கொள்ளுங்கள். மேற்கை எலும்பின் உருண்டையான தலை, தோள்பட்டை எலும்பில் உள்ள ஒரு கிண்ணக் குழிக்குள் உட்கார்ந்திருக்கிறது. அதனால்தான் கையை முன்னே, பின்னே, பக்கவாட்டில், வட்டமாகச் சுழற்ற முடிகிறது. அறிவியல் பாடத்தில் நாம் இதைப் பந்துக் கிண்ண மூட்டு என்று சொல்லிக்கொடுக்கிறோம். காரில் இருப்பதும் அதே அமைப்புதான். ஓர் இரும்புத் தண்டின் நுனியில் பந்து, அந்தப் பந்து ஒரு கிண்ணத்துக்குள், இடையில் கிரீஸ், எல்லாவற்றையும் மூடி ஒரு ரப்பர் உறை. நம் ஊரில் ஓடும் பெரும்பாலான சிறிய கார்களில் கிண்ணம் லோவர் ஆர்ம் எனப்படும் கீழ்க்கரத்தில் இருக்கும். தண்டு, சக்கரத்தைத் தாங்கும் நக்கிளில் பூட்டப்பட்டிருக்கும்.

ஸ்டீரிங்கைத் திருப்பினால் சக்கரம் இடம் வலமாகத் திரும்ப வேண்டும். அதே நேரம் குழியில் இறங்கினால் மேலும் கீழும் போக வேண்டும். கதவுக் கீல் போல ஒரே திசையில் ஆடும் மூட்டு இதற்குப் போதாது. பந்து மூட்டுதான் இரண்டுக்கும் இடம் கொடுக்கும்.

மைவி, சாகா மாதிரியான கார்களில் முன்பக்கம் மெக்பர்சன் ஸ்ட்ரட் அமைப்பு. அப்சார்பரும் ஸ்பிரிங்கும் ஒரே தூணாக நின்று காரின் பாரத்தைச் சுமக்கும். கீழே பக்கத்துக்கு ஒரு போல் ஜாயிண்ட். ஹைலக்ஸ் போன்ற பிக்கப்பில் மேலே ஒன்று, கீழே ஒன்று. அதில் ஸ்பிரிங் கீழ்க்கரத்தின்மேல் நிற்பதால் கீழ் மூட்டுக்குப் பாரம் அதிகம். இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், சோதிக்கும்போது தேவைப்படும்.

எப்படித் தேய்கிறது?

எல்லாம் அந்த ரப்பர் உறையில் இருக்கிறது. உறை முழுசாக இருந்து உள்ளே கிரீஸ் சுத்தமாக இருக்கும்வரை மூட்டு பல ஆண்டுகள் உழைக்கும். வெயிலிலும் வயதிலும் ரப்பர் வெடித்துவிட்டால், அல்லது ஒரு கல் பட்டுக் கிழிந்துவிட்டால், மழைத் தண்ணீரும் செம்மண் தூளும் உள்ளே போகும். கிரீஸோடு மண் கலந்தால் அது உப்புத்தாள் மாதிரி வேலை செய்யும். வெள்ளக் காலத்தில் தண்ணீருக்குள் ஓட்டியிருந்தால் கேட்கவே வேண்டாம். பந்தும் கிண்ணமும் தேயத் தேய இடைவெளி விழும். அந்த இடைவெளியைத்தான் பட்டறையில் 'பிளே' என்கிறார்கள்.

மலாயில் தேய்ந்துபோனதற்கு 'ஹௌஸ்' என்று ஒரு சொல் உண்டு. தாகத்துக்கும் அதே சொல்தான்! கிரீஸ் வற்றிய மூட்டுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் எனக்குத் தெரிந்து வேறு இல்லை.

"ஊசி போட்டு கிரீஸ் அடிச்சுட்டா சரியாயிடும்" என்று சிலர் சொல்வார்கள். பழைய வண்டிகளிலும் லாரிகளிலும் கிரீஸ் அடிப்பதற்கென்றே ஒரு நிப்பிள் இருக்கும். அவற்றில் இது முறையான பராமரிப்பு. இன்றைய கார்களில் மூட்டு மூடி முத்திரையிட்டு வருகிறது. உறையைக் குத்திக் கிரீஸ் ஏற்றினால் சத்தம் கொஞ்ச நாள் அடங்கும். தேய்ந்த இரும்பு திரும்ப வளராது. குத்திய ஓட்டை வேறு மிச்சம்.

காது கொடுத்துக் கேளுங்கள்

வானொலியை அணைத்துவிட்டு, கண்ணாடியை இறக்கி, மெதுவாக ஒரு பம்ப் மேல் ஏறி இறங்குங்கள். ஒரு சக்கரம் மட்டும் ஏறும்படி சாய்வாகப் போனால் இன்னும் நல்லது. முன்பக்கம் கீழிருந்து கனமாக 'டொக்' என்று ஓர் இடி கேட்டால் போல் ஜாயிண்டைச் சந்தேகிக்கலாம். காரை நிறுத்தும் இடத்தில் ஸ்டீரிங்கை வளைக்கும்போது 'கிறீச்' என்று காய்ந்த கதவு மாதிரி முனகினால், கிரீஸ் வற்றத் தொடங்கிய அடையாளமாக இருக்கலாம். நேர்ச்சாலையில் கார் தானாக இடமும் வலமும் அலைவது, பிரேக் போட்டால் ஒரு பக்கம் இழுப்பது, டயரின் உள்ஓரமோ வெளிஓரமோ மட்டும் மொட்டையாகிப் போவது ஆகியவையும் கூடவே வரலாம்.

ஆனால் ஒரு விஷயம். இதே அறிகுறிகளைக் கொடுக்கிற வேறு பாகங்களும் அங்கேயே இருக்கின்றன. சின்னச் சின்ன மேடுகளில் 'கட கட' என்று இலேசாக அடித்துக்கொண்டே வந்தால் பெரும்பாலும் ஸ்டெபிலைசர் லிங்க். முழுசாக வளைத்துக்கொண்டு எண்ணெய் அழுத்தும்போது சக்கரம் சுற்றும் வேகத்துக்கு ஏற்ப 'டக் டக் டக்' என்று வந்தால் டிரைவ் ஷாஃப்ட் மூட்டு. வேகம் கூடக் கூட 'ஊஊ' என்று இரைந்தால் பேரிங். ஸ்டெபிலைசர் லிங்கின் இரு முனையிலும் குட்டிப் பந்து மூட்டுகள் இருப்பதால் சில பட்டறைகளில் அதையும் போல் ஜாயிண்ட் என்றே சொல்லிவிடுவார்கள். குழப்பம் அங்கேதான் ஆரம்பிக்கும். லிங்க் உடைந்தால் சத்தம் வரும், வளைவில் கார் கூடுதலாகச் சாயும். சக்கரம் கழன்று மடங்காது. லோவர் ஆர்ம் போல் ஜாயிண்ட் கழன்றால் மடங்கும்.

எப்படி மடங்கும் என்றால், தேய்ந்த கிண்ணத்திலிருந்து பந்து வெளியே நழுவும். சக்கரத்தின் கீழ்ப்பகுதியைப் பிடித்துவைக்க எதுவும் இல்லாமல் போய்விடும். சக்கரம் வெளிப்பக்கம் சரிந்து மட்காட்டில் முட்டிக்கொள்ளும். டிரைவ் ஷாஃப்ட் பிடுங்கிக்கொண்டு வரலாம். ஸ்டீரிங் சுற்றினாலும் அந்தச் சக்கரம் பேச்சுக் கேட்காது. பள்ளி வாசலில் மெதுவாகத் திருப்பும்போது நடந்தால் கார் உட்கார்ந்துவிடும், அவ்வளவுதான். நெடுஞ்சாலையில் நடந்தால் என்னாகும் என்று விவரிக்கத் தேவையில்லை.

நாமே பார்க்கக்கூடியது

ஜாக்கி இல்லாமலே ஒரு சோதனை உண்டு. சமதளத்தில் நிறுத்தி, ஸ்டீரிங்கை ஒரு பக்கம் முழுசாக வளைத்து, எஞ்சினை அணைத்து, கைப்பிரேக்கை இழுத்துவிடுங்கள். கைப்பேசி விளக்கைப் பிடித்துச் சக்கரத்துக்குப் பின்னால், கீழ்க்கரம் போய் முடியும் இடத்தைப் பாருங்கள். காளான் குடை மாதிரி ஒரு கறுப்பு ரப்பர் தெரியும். அது வெடித்திருக்கிறதா, சுற்றிலும் கிரீஸ் பிதுங்கிப் புழுதி ஒட்டியிருக்கிறதா? அப்படியென்றால் சத்தம் இன்னும் வரவில்லை என்றாலும் பட்டறைக்குப் போகும் நேரம் வந்துவிட்டது.

அடுத்த சோதனைக்குக் காரைத் தூக்க வேண்டும். இதைப் ஃபோர்மன் செய்ய, பக்கத்தில் நின்று பார்ப்பதையே நான் பரிந்துரைப்பேன். வெறும் ஜாக்கியை நம்பிக் காருக்கு அடியில் தலையோ கையோ விடக்கூடாது. தாங்கி வைத்தே ஆக வேண்டும். மெக்பர்சன் கார் என்றால் பாடியில் ஜாக்கி வைத்துச் சக்கரத்தைத் தொங்கவிடுவார்கள். பிறகு கடிகாரத்தில் 12, 6 இருக்கும் இடங்களில் டயரைப் பிடித்து உள்ளும் வெளியும் ஆட்டுவார்கள். ஆட்டம் தெரிந்தால் உடனே தீர்ப்புச் சொல்லிவிடக் கூடாது. இன்னொருவரைப் பிரேக்கை மிதிக்கச் சொல்லி மறுபடியும் ஆட்ட வேண்டும். பிரேக் மிதித்ததும் ஆட்டம் நின்றுபோனால் கோளாறு பேரிங்கில். நிற்காமல் தொடர்ந்தால் போல் ஜாயிண்ட் பக்கம் பார்க்கலாம். 3, 9 இருக்கும் இடங்களில் மட்டும் ஆட்டம் என்றால் பெரும்பாலும் டை ரோட் முனை அல்லது ரேக் எண்ட். கடைசியாகக் கீழ்க்கரத்துக்கும் நக்கிளுக்கும் இடையில் ஒரு நீளக் கம்பியை விட்டு நெம்பினால் பந்து கிண்ணத்துக்குள் குதிப்பது கண்ணுக்கே தெரியும்.

ஹைலக்ஸ் மாதிரி வண்டியில் பாடியைத் தூக்கினால் போதாது. ஸ்பிரிங் கீழ்க்கரத்தை அழுத்திக்கொண்டே இருப்பதால் தேய்ந்த மூட்டும் இறுக்கமாக நிற்பதுபோல் நடிக்கும். ஜாக்கியைக் கீழ்க்கரத்துக்கு அடியில், மூட்டுக்கு அருகில் வைத்தால்தான் பாரம் நீங்கி ஆட்டம் வெளியே வரும்.

பட்டறையில்

"சிக்கு, போல் ஜாயிண்ட் சுடா ஹௌஸ்" என்று ஃபோர்மன் சொன்னால் தலையாட்டிவிட்டுக் காத்திருப்பு நாற்காலிக்குப் போகாதீர்கள். "போலே தெங்கோக், தவுக்கே?" என்று கேளுங்கள். காட்டச் சொல்வதில் மரியாதைக் குறைவு எதுவும் இல்லை. நல்ல ஃபோர்மன் சந்தோஷமாகவே கம்பியை எடுத்து நெம்பிக் காட்டுவார். எரிச்சல்படுகிறவரிடம் வேலை கொடுக்க வேண்டிய அவசியமும் இல்லை.

சில கார்களில் போல் ஜாயிண்ட் தனியாக வரும். சிலவற்றில் லோவர் ஆர்மோடு ஒன்றாக இருக்கும், முழுக் கரத்தையும் மாற்ற வேண்டும். தனியாக வருகிற கார் என்றாலும் கரத்தில் உள்ள புஷ் ரப்பர் வெடித்திருந்தால் முழுக் கரத்தை மாற்றுவதே மேல், ஏனென்றால் கழற்றி மாட்டும் வேலை கிட்டத்தட்ட அதேதான். "ரெண்டு பக்கமும் மாத்தணும்" என்பது சட்டம் இல்லை. மறுபக்கத்தையும் சோதிக்கச் சொல்லுங்கள். உறை நன்றாக, ஆட்டம் இல்லாமல் இருந்தால் விட்டுவைக்கலாம். ஆனால் அதற்கும் அதே வயது, அதே சாலை. அடுத்த சர்வீஸில் மறக்காமல் பார்க்க வேண்டும். உறை மட்டும் இப்போதுதான் கிழிந்து, பிளே எதுவும் இல்லை என்றால் உறையை மட்டும் மாற்றிப் பார்ப்பதில் தவறில்லை.

ஹாஃப் கட் கடையில் எஞ்சின் வாங்கலாம், கதவு வாங்கலாம். போல் ஜாயிண்ட் மட்டும் வாங்க வேண்டாம். எத்தனை ஆண்டு, எந்தச் சாலையில் உழைத்தது என்று யாருக்குத் தெரியும்? புதியது வாங்கும்போதும் பெட்டியை நன்றாகப் பாருங்கள். பெயர் போன பிராண்டுகளுக்குப் போலி உண்டு.

மாட்டும்போது கவனிக்க வேண்டியவை கொஞ்சம்தான். நட்டில் ஸ்பிலிட் பின் போடும் வகை என்றால் பழைய பின்னை நிமிர்த்திப் போடக்கூடாது, புதியது வேண்டும். துளை பொருந்தவில்லை என்பதற்காக நட்டைத் தளர்த்தக்கூடாது. அடுத்த பள்ளம் வரை இறுக்க வேண்டும். முழுக் கரத்தை மாற்றினால் அதன் புஷ் போல்ட்டுகளைக் கார் தரையில் நிற்கும் நிலையில்தான் கடைசியாக இறுக்க வேண்டும். சக்கரம் தொங்கும்போதே இறுக்கிவிட்டால் கீழே இறக்கியதும் புது ரப்பர் முறுக்கிக்கொண்டு சீக்கிரம் கிழியும். வேலை முடிந்ததும் அலைன்மெண்ட். பாகத்தின் விலை, கூலி, அலைன்மெண்ட் மூன்றையும் ரசீதில் தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள்.

பட்டறை வரை ஓட்டிப் போகலாமா என்று கேட்பீர்கள். இலேசான சத்தம், ஸ்டீரிங் சரியாக இருக்கிறது என்றால் மெதுவாக, நெடுஞ்சாலையைத் தவிர்த்துப் போகலாம். ஒவ்வொரு மேட்டிலும் இடி, கார் அலைகிறது என்றால் ஓட்டாதீர்கள். இழுவை வண்டியைக் கூப்பிடுங்கள். உங்கள் காப்புறுதியில் அந்தச் சேவை இருக்கிறதா என்று இன்றே பார்த்து வைத்துக்கொள்ளலாம்.

சிங்கப்பூரில் உள்ள நண்பர்களுக்கு ஒரு வசதி உண்டு. அங்கே 3 ஆண்டு தாண்டிய கார் 2 ஆண்டுக்கு ஒருமுறையும், 10 ஆண்டு தாண்டியது ஆண்டுதோறும் சோதனைக்குப் போயாக வேண்டும். மலேசியாவில் நம் சொந்தக் காருக்கு அப்படிக் கட்டாய ஆண்டுச் சோதனை இல்லை; கார் கைமாறும்போதுதான் பார்ப்பார்கள். பத்துப் பதினைந்து ஆண்டாக ஒரே கையில் இருக்கும் காரை உரிமையாளர் பார்த்தால் உண்டு. ஆகவே தீபாவளிக்கோ பள்ளி விடுமுறைக்கோ நீண்ட தூரம் கிளம்புமுன், எண்ணெய் மாற்றும்போது காரைத் தூக்கியிருக்கும் அந்த ஐந்து நிமிடத்தில் நான்கு சக்கரத்தையும் ஆட்டிப் பார்க்கச் சொல்லுங்கள்.

பள்ளி வேன் பற்றியும் ஒரு வார்த்தை. வேனைச் சோதிப்பது நம் வேலை இல்லைதான். ஆனால் காலையில் வாசலில் நிற்கும் ஆசிரியர் காதில் அந்த 'கிறீச்' விழுந்தால், "அண்ணே, முன் சக்கரத்துல சத்தம் வருது, போல் ஜாயிண்ட்டைப் பாத்துக்குங்க" என்று சொல்லிவிடலாம். யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

கழற்றிய பழைய மூட்டைப் பட்டறையிலேயே விட்டுவராதீர்கள், கேட்டு வாங்கி வாருங்கள். மாற்றியதற்கு அதுதான் சாட்சி. எலும்பு மூட்டுகள் பாடத்துக்கு அதைவிட நல்ல பயிற்றுத் துணைப்பொருளும் கிடைக்காது. மண்ணெண்ணெயில் கழுவித் துடைத்து, மாணவர்களிடம் கொடுத்துத் தண்டை ஆட்டச் சொல்லுங்கள். புதிய மூட்டின் தண்டைக் கையால் அசைப்பதே சிரமம். பழையது தொளதொளவென்று ஆடும். மூட்டுச் சவ்வும் மூட்டுத் திரவமும் எதற்கு என்று அதன்பிறகு கேட்டால் பதில் அவர்களிடமிருந்தே வரும். கையுறை போட்டுக்கொள்ளச் சொல்லுங்கள். அந்தக் கிரீஸ் வெள்ளைச் சட்டையில் பட்டால் எந்தச் சவுக்காரத்துக்கும் போகாது.