சிலம்பும் சிலுவையும்

“தெய்வத்தை ஏன் ஐயா குளிர்விக்க வேண்டும்?” என்று மாணவன் ஒருவன் என்னை ஒருநாள் வினவினான். மட்டக்களப்பு வாவியை அடுத்த ஊர்களிற் பிறந்தவர்க்கு இவ்வினா புதியதன்று. வைகாசியிற் கண்ணகி அம்மன் கோயில்களில் கதவு திறந்து, ‘கண்ணகி வழக்குரை’ படித்து, இறுதியில் திருக்குளிர்த்தி நிகழ்த்துவது இங்குள்ள மரபு.

சிலப்பதிகாரத்திற் சிலம்பு நீதியின் சான்று. அது உடைந்து மாணிக்கம் தெறித்ததும் பாண்டியன் உயிர் துறந்தான், மதுரை எரியுண்டது. வழக்குரையோ எரியோடு அமைவதில்லை. ஆயர் மகளிர் வெண்ணெய் சாத்தி அன்னையின் வெம்மையைத் தணிக்கின்றனர். வெப்பம் என்றால் வறட்சியும் அம்மை நோயும் என்று அறிந்த உழவர் நாட்டில், கடவுளின் சினமும் அருளும் இவ்வாறே விளங்கின. நீதிக்குச் சினம் வேண்டும். அச்சினம் தணியவும் வேண்டும். இதுவே குளிர்த்தியின் தத்துவம்.

மக்கள் அறிந்த வாழ்க்கையைக் கொண்டே அரிய சமயக் கருத்தை உணர்த்தும் இம்முறை நமக்கு மட்டும் உரியதன்று. பழைய ஆங்கிலேயரிடத்தும் இதனைக் காணலாம். இன்று ஸ்கொத்லாந்தில் உள்ள ரத்வெல் என்னும் ஊரில், ஏறத்தாழ 8ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த கற்சிலுவை ஒன்று நிற்கின்றது. அதில் ஏசுநாதர் வரலாற்றுச் சிற்பங்களோடு, ரூனிக் எழுத்திற் செய்யுள் அடிகளும் பொறிக்கப்பெற்றுள்ளன. அவ்வடிகளிற் பேசுவது சிலுவையே! இவற்றோடு ஒத்த அடிகளைக் கொண்ட ‘சிலுவையின் கனவு’ என்னும் நெடும்பாட்டு, 10ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுதப்பெற்ற ஏடொன்றிற் கிடைத்துள்ளது.

அம்மக்கள் போர்மறவர், தலைவனுக்காக உயிர் கொடுப்பதே புகழ் என்று எண்ணியவர். ஆகவே அப்பாட்டில் ஏசுநாதர் இளவீரராகத் தாமே விரும்பிச் சிலுவையில் ஏறுகின்றார். சிலுவையோ, பகைவரை வீழ்த்த வல்லதாயினும், தலைவரின் ஆணைக்கு அடங்கி அசையாது நின்று அவரது துன்பத்தைத் தாங்குகின்றது. இறைவனாக வென்றவரும் மனிதராக வருந்தியவரும் ஒருவரே என்னும் கோட்பாடு, இவ்வாறு அவர் நெஞ்சிற் பதிந்தது.

17ஆம் நூற்றாண்டில், உருவ வழிபாட்டை வெறுத்தோர் அச்சிலுவையை உடைத்தனர். 19ஆம் நூற்றாண்டில் அவ்வூர்க் குருவானவர் ஒருவர் துண்டுகளைச் சேர்த்து மீண்டும் நிறுத்தினார். பொருள் அறியப்படாத சின்னம் எளிதில் உடைபடும் என்பதற்கு இது சான்று.

எனவே அம்மாணவனுக்கு நான் கூறிய விடை இதுதான்: “தம்பி, குளிர்வது அன்னை மட்டுமல்லள், அநீதி கண்டு கொதித்த நம் நெஞ்சமுமே.”