கோணிய கோபுரம் கூறும் பாடம்

வடிவியல் பாடம் நடத்துங்கால், கரும்பலகையில் நான் வரைந்த கூம்பு சற்றே சாய்ந்துவிட்டால் பிள்ளைகள் நகைப்பர். நானும் அதனை அழித்துவிட்டு மீண்டும் வரைவேன். கட்டி முடித்த கோபுரமே கோணிவிட்டால் என் செய்வது? அத்தகைய கோபுரத்துடன் 650 ஆண்டுகளுக்கு மேலாக நிற்கும் ஓர் ஆலயத்தைப்பற்றி, மாணவச் செல்வங்களே, இன்று உங்களுக்கு எடுத்துரைக்க விரும்புகிறேன்.

இங்கிலாந்தின் டெர்பிஷயர் மாவட்டத்தில் செஸ்டர்பீல்டு என்னும் நகரம் உள்ளது. பரிசுத்த மரியாள், சகல பரிசுத்தவான்கள் ஆலயமே அந்நகரின் பங்குக் கோயில். பங்கு என்பது ஒரு குருவின் பொறுப்பில் அமைந்த ஊர்வட்டம். அவ்வட்டத்து மக்கள் திருமுழுக்கிற்கும் திருமணத்திற்கும் கூடும் இடமே பங்குக் கோயிலாகும். 13ஆம் நூற்றாண்டில் தொடங்கிய இவ்வாலயத்தின் பெரும்பகுதி 14ஆம் நூற்றாண்டில் எழுந்தது. இதன் அமைப்பு சிலுவை வடிவினது. நெடும்பகுதியும் குறுக்குப்பகுதியும் சந்திக்கும் இடத்தில், நான்கு பெருந்தூண்களின்மேல் சதுரமான கற்கோபுரம் நிற்கிறது. அதன்மேல் 1362ஆம் ஆண்டையொட்டி எண்பட்டைக் கூர்முடி ஒன்றை மரத்தால் அமைத்தனர். மரத்தின்மேல் காரீயத் தகடு வேயப்பட்டுள்ளது.

தரையிலிருந்து உச்சிவரை உயரம் 228 அடி. கூர்முடி 45 பாகை முறுக்கியுள்ளது. அஃதாவது, எண்கோணத்தின் ஒரு பக்கம் அடுத்த பக்கத்தின் இடத்திற்கே திரும்பிவிட்டது. உச்சியோ நடுவினின்றும் 9 அடி 6 அங்குலம் விலகியுள்ளது.

கொல்லன் ஒருவன் சாத்தானுக்கு லாடம் அடிக்கையில் ஆணி காலில் பாய்ந்ததாம். வலி பொறாது பறந்த சாத்தான் உதைத்த உதையிலே கோபுரம் கோணிற்றாம். இஃது ஊரார் கூறும் கதை. உண்மைக் காரணம் மரத்தில் உள்ளது.

ஓக் மரம் உலர்ந்தால் மிக இறுகிவிடும். ஆகவே, அதனைப் பச்சையாகவே அறுத்துப் பொருத்துவது அக்காலத் தச்சர் வழக்கம். பச்சை மரம் உலருங்கால் முறுக்கும். அதனை அறிந்த தச்சர், குறுக்குச் சட்டங்களை இட்டு இறுகப் பிணைப்பர். செஸ்டர்பீல்டிலோ அப்பிணைப்புப் போதவில்லை. அதன்மேல் ஏறத்தாழ 33 டன் ஈயச் சுமையும் ஏறியது. வெயிலில் தென்புறத் தகடுகள் மிகுதியாக விரிவதும் கோணலை வளர்த்தது என்பர்.

தேர்ந்த தச்சர் இப்பிணைப்பை எங்ஙனம் மறந்தனர்? 1348ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் புகுந்த கொள்ளைநோய், மக்களில் மூன்றில் ஒரு பங்கினருக்கு மேல் மாய்த்தது. 1361இல் மீண்டும் வந்தது. கைதேர்ந்த தச்சர் பலர் மாண்டமையால், அனுபவம் குன்றியோர் இவ்வேலையை ஏற்றிருத்தல் கூடும் என்பது ஆராய்வோர் பலரின் கருத்து. அந்நாளில் தச்சுக்கலை பெரும்பாலும் ஏட்டில் இல்லை. ஆசானின் கையிலிருந்து மாணவனின் கைக்கே சென்றது. இடையில் ஒரு தலைமுறை அறுந்தால், அதனோடு கலையும் அறும் அன்றோ?

1961ஆம் ஆண்டு டிசம்பரில் ஆலயத்தில் தீப்பற்றியது. உள்ளே பெருஞ்சேதம் விளைந்தபோதிலும், கூர்முடி காக்கப்பட்டது. கோணலையே தம் ஊரின் அடையாளமாக அந்நகர மக்கள் போற்றுகின்றனர்.

பிள்ளைகள் பிழை செய்தால் நகைப்பது எளிது. ‘இதனை இவனுக்குக் கற்பித்திருக்க வேண்டியவர் யார்?’ என்று வினவும் பழக்கத்தை இக்கோபுரமே எனக்குத் தந்தது. நீங்களும் கற்றதை உங்களோடு நிறுத்திக்கொள்ளாது, இளையோர்க்குக் கொடுத்துச் செல்லுங்கள்.